திரை இருண்டதா, குளிர் வரவில்லையா? ஸ்மார்ட் தெர்மோஸ்டாட் வயரிங் கோளாறைக் கண்டுபிடிக்கும் வழி

புதிதாக வாங்கிய ஸ்மார்ட் தெர்மோஸ்டாட்டைச் சுவரில் பொருத்தி, செயலியையும் கைபேசியில் ஏற்றி, 25 டிகிரி என்று வைத்தாயிற்று. வீடு மட்டும் குளிரவில்லை. அல்லது இரண்டு நாள் ஒழுங்காக ஓடிய கருவி மூன்றாம் நாள் காலையில் திரை இருண்டு கிடக்கிறது. உடனே பலரும் கருவிதான் பழுது என்று முடிவுகட்டி, திருப்பிக் கொடுத்துவிட்டு வேறொன்று வாங்கிவிடுகிறார்கள். புதிதாக வந்ததும் அதே சுவரில், அதே கம்பிகளில், அதேபோல நின்றுபோகிறது. கோளாறு பல நேரம் கருவிக்குள் இருப்பதில்லை. சுவருக்குப் பின்னால் ஓடும் மெல்லிய கம்பிகளிலோ, அவை போய்ச் சேரும் இடத்திலோ இருக்கிறது. ஒரு சாதாரண மல்டிமீட்டரும் (வோல்ட், ஓம் அளக்கும் சிறு கருவி) கொஞ்சம் பொறுமையும் இருந்தால் அதை நீங்களே கண்டுபிடித்துவிடலாம். நான் வற்புறுத்துவது ஒன்றைத்தான்: அளந்து பார்க்காமல் எதையும் மாற்றாதீர்கள்.

இங்கே சொல்வதெல்லாம் காற்றுக் குழல்கள் வழியாக வீடு முழுவதற்கும் குளிர்காற்று அனுப்பும் மைய ஏசி அமைப்புக்கானது. வட அமெரிக்க வீடுகளில் இதுவே வழக்கம். ரிமோட்டில் இயங்கும் சாதாரண ஸ்பிளிட் ஏசியில் சுவர்த் தெர்மோஸ்டாட்டுக்கான இந்தக் கம்பிகள் இருக்காது.

கை வைப்பதற்கு முன்

பழைய தெர்மோஸ்டாட்டின் மூடியைக் கழற்றியதும் கம்பிகளின் பருமனைப் பாருங்கள். பல நிறங்களில், நூல் போல மெல்லியவையாக, எழுத்துப் பொறித்த முனைகளில் செருகியிருந்தால் அது 24 வோல்ட் அமைப்பு. இரண்டோ நான்கோ தடித்த கம்பிகள் மட்டும் முறுக்கி மூடிபோட்டு இருந்தால் அது வீட்டு மின்சாரம் நேரடியாக வரும் தெர்மோஸ்டாட். சாதாரண ஸ்மார்ட் தெர்மோஸ்டாட்டை அதில் இணைக்கவே கூடாது. மூடியைத் திரும்பப் போட்டுவிடுங்கள்.

24 வோல்ட் என்றாலும் பிரேக்கரை அணைத்த பிறகே கம்பியைத் தொடவேண்டும். இது உங்கள் உயிருக்காக மட்டுமல்ல. கம்பிகளை மாற்றும்போது இரண்டு முனைகள் ஒரு நொடி உரசினால்கூட ஃபியூஸ் போய்விடும், சில அமைப்புகளில் டிரான்ஸ்ஃபார்மரே எரிந்துவிடும். உள் யூனிட்டுக்கு ஒரு பிரேக்கர், வெளி யூனிட்டுக்கு ஒரு பிரேக்கர் என்று பெரும்பாலும் தனித்தனியாக இருக்கும். இரண்டையும் அணையுங்கள். வெளி யூனிட்டின் மூடியைப் புதியவர்கள் திறக்கவேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. அதற்குள் வீட்டு மின்சாரம் வருகிறது. அதை நிறுத்திய பிறகும் அங்குள்ள கெபாசிட்டர் மின்னூட்டத்தைப் பிடித்துவைத்திருக்கும்.

அடுத்து, எந்தக் கம்பியையும் கழற்றுவதற்கு முன்பு நல்ல வெளிச்சத்தில் ஒரு புகைப்படம் எடுங்கள். எந்த எழுத்தில் எந்த நிறம் என்று தெளிவாகத் தெரியவேண்டும். நிறத்தை நம்பி இணைப்பவர்கள்தான் அதிகம் மாட்டிக்கொள்கிறார்கள். சிவப்பு ஆர் (R) முனைக்கும் மஞ்சள் ஒய் (Y) முனைக்கும் போவது வழக்கம்தான், ஆனால் எந்தக் கட்டாயமும் இல்லை. முன்பு வேலை செய்தவர் கையில் கிடைத்த நிறத்தைப் போட்டிருக்கலாம். எழுத்தை நம்புங்கள், நிறத்தை நம்பாதீர்கள். உள் யூனிட்டில் இருக்கும் கண்ட்ரோல் போர்டிலும் இதே எழுத்துகள் இருக்கும். அங்கேயும் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

கம்பிகள் செய்யும் வேலை

உள் யூனிட்டில் சிறிய டிரான்ஸ்ஃபார்மர் ஒன்று வீட்டு மின்சாரத்தை 24 வோல்ட் ஆகக் குறைக்கிறது. அதன் ஒரு முனைதான் ஆர்: மின்சாரம் புறப்படும் இடம். மறுமுனை சி (C): மின்சாரம் திரும்பிவரும் பொதுக்கம்பி. தெர்மோஸ்டாட் ஆர் கம்பியை ஒய் கம்பியோடு இணைத்தால், வெளி யூனிட்டில் இருக்கும் கான்டாக்டர் என்ற பெரிய சுவிட்ச் இழுபட்டு கம்ப்ரஸர் ஓடும். ஆர் கம்பியை ஜி (G) கம்பியோடு இணைத்தால் உள்ளே இருக்கும் பிளோயர் விசிறி சுற்றும். டபிள்யூ (W) வெப்பமூட்டுவதற்கு. ஓ (O), பி (B) ஆகியவை ஹீட் பம்ப், அதாவது ஒரே யூனிட்டே குளிரும் வெப்பமும் தரும் அமைப்பு, இருக்கும் வீடுகளில் மட்டும். அவ்வளவுதான். எவ்வளவு அழகான திரை இருந்தாலும், அடிப்படையில் தெர்மோஸ்டாட் என்பது ஆர் கம்பியை மற்றக் கம்பிகளோடு சேர்ப்பதும் பிரிப்பதுமான ஒரு சுவிட்ச்.

பழைய தெர்மோஸ்டாட்டுக்குச் சி கம்பி தேவைப்படவில்லை. சுருள்தகடு சூட்டில் வளைந்து சுவிட்சைத் தட்டிவிடும். அதற்கென்று தனியாக மின்சாரம் எதற்கு? அதனால் பல பழைய வீடுகளில் சுவர்வரை சி கம்பியை யாரும் இழுத்துவரவில்லை. ஸ்மார்ட் தெர்மோஸ்டாட்டுக்கோ திரையும் வைஃபையும் இரவும் பகலும் விழித்திருக்கவேண்டும். மின்சாரம் போய்த் திரும்பிவர ஒரு வழி வேண்டும். இந்த ஒரு கம்பி இல்லாததால்தான் எத்தனையோ விசித்திரமான கோளாறுகள் வருகின்றன.

(கழற்றிய பழைய தெர்மோஸ்டாட்டுக்குள் கண்ணாடிக் குமிழில் வெள்ளி நிறத் திரவம் உருண்டால் அது பாதரசம். குப்பைத்தொட்டியில் போடாதீர்கள், அபாயக் கழிவு வாங்கும் இடத்தில் கொடுங்கள்.)

திரையே வரவில்லை

மல்டிமீட்டரை ஏசி வோல்ட் (இங்கே ஏசி என்பது மாறுமின்னோட்டம், குளிர்சாதனம் அல்ல) பகுதியில் வையுங்கள். டிசி (நேர்மின்னோட்ட) பகுதியில் வைத்துவிட்டு "சுழியம் காட்டுகிறது, மின்சாரம் இல்லை" என்று முடிவுகட்டியவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். தெர்மோஸ்டாட்டை அதன் அடித்தட்டிலிருந்து கழற்றிவிட்டு, பிரேக்கரைப் போட்டு, ஆர் முனையில் மீட்டரின் ஒரு குச்சியையும் சி முனையில் மற்றதையும் வையுங்கள். 24 முதல் 28 வோல்ட் வரை காட்டினால் மின்சாரம் சுவர்வரை ஒழுங்காக வருகிறது. சந்தேகம் அடித்தட்டின் முனைகள் மீதோ கருவி மீதோ திரும்பவேண்டும். சுழியம் காட்டினால் மின்சாரத்தின் வழியிலேயே பின்னோக்கி நடந்து போங்கள்.

முதலில் உள் யூனிட்டின் மூடி. பல யூனிட்டுகளில் மூடிக்குப் பின்னால் ஒரு சிறிய பாதுகாப்பு சுவிட்ச் இருக்கும். மூடி சரியாக உட்காரவில்லை என்றால் எல்லாமே நின்றுவிடும். காற்று வடிகட்டியை மாற்றிய மறுநாள் தெர்மோஸ்டாட் இருண்டது என்றால் இதைத்தான் முதலில் பார்க்கவேண்டும். மூடியை எடுத்துவிட்டு போர்டை அளந்தாலும் இதே காரணத்தால் சுழியம்தான் வரும் என்பதையும் நினைவில் வையுங்கள்.

இரண்டாவது, தண்ணீர். இது புதியவர்களுக்குத் தோன்றவே தோன்றாது. குளிரூட்டும்போது உள் யூனிட்டின் சுருள்குழாயில் காற்றின் ஈரம் நீராகப் படிந்து, ஒரு தட்டில் விழுந்து, வடிகுழாய் வழியாக வெளியேறுகிறது. குழாய் பாசியால் அடைத்துக்கொண்டால் தட்டில் தண்ணீர் ஏறும். யூனிட்டுக்குக் கீழே உள்ள அறையின் உட்கூரை நனைந்துவிடாமல் இருக்க, அங்கே வைத்திருக்கும் மிதவை சுவிட்ச் மின்சாரத்தைத் துண்டிக்கும். அந்தச் சுவிட்ச் ஆர் கம்பியில் கோத்திருந்தால் தெர்மோஸ்டாட் திரையே அணைந்துவிடும். நண்பர் ஒருவர் வீட்டில் இதுதான் நடந்தது. இரண்டு தெர்மோஸ்டாட்டுகள் மாற்றியாயிற்று, மூன்றாவதும் வாங்கிவைத்திருந்தார். உள் யூனிட் இருந்த பரணில் ஏறி விளக்கை அடித்துப் பார்த்தபோது தட்டு விளிம்புவரை நிறைந்து, மிதவை மேலே முட்டிக்கொண்டு நின்றது. வடிகுழாயின் வெளிமுனையில் ஈரத்தை உறிஞ்சும் வேக்குவம் கிளீனரை வைத்து இழுத்தோம். பழுப்பான கொழகொழப்பு ஒரு கைப்பிடி அளவுக்கு வந்தது. தட்டில் நீர் சரசரவென்று இறங்கியது. கீழே திரை ஒளிர்ந்தது. ஒரு கம்பியைக்கூடத் தொடவில்லை.

மூன்றாவது, ஃபியூஸ். கண்ட்ரோல் போர்டில் கார்களில் இருப்பது போன்ற சிறிய தட்டை ஃபியூஸ் இருக்கும். ஊதா நிறம் என்றால் 3 ஆம்பியர், வெளிர்பழுப்பு என்றால் 5 ஆம்பியர். பிரேக்கரை அணைத்துவிட்டு அதைப் பிடுங்கி வெளிச்சத்தில் பாருங்கள். உள்ளே இருக்கும் இழை அறுந்திருந்தால் அதே அளவில் புதியதைப் போடுங்கள். எரிகிறதே என்று பெரிய ஃபியூஸ் போட்டால் அடுத்து எரிவது டிரான்ஸ்ஃபார்மராக இருக்கும்.

ஃபியூஸ் நன்றாக இருந்தும் போர்டின் ஆர், சி முனைகளில் 24 வோல்ட் இல்லை என்றால் டிரான்ஸ்ஃபார்மர் போயிருக்கலாம். அதை மாற்றுவது வீட்டு மின்சாரத்தோடு சம்பந்தப்பட்ட வேலை, தொழில்நுட்பர் செய்யட்டும். போர்டில் 24 இருந்து சுவரில் இல்லை என்றால் கோளாறு இடையில் ஓடும் கேபிளில், அல்லது சி கம்பி உண்மையில் இணைக்கப்படவே இல்லை.

சி கம்பி இருக்கிறதா, இருப்பதுபோல் தெரிகிறதா?

போர்டைத் திறந்து பார்த்துவிட்டு "சி முனையில் கம்பி இருக்கிறதே" என்று பலர் நிம்மதி அடைகிறார்கள். அந்தக் கம்பி எங்கே போகிறது என்று பின்தொடருங்கள். வெளி யூனிட்டின் கான்டாக்டருக்கும் ஒய், சி என்ற இரண்டு கம்பிகள் இதே போர்டிலிருந்துதான் போகின்றன. நீங்கள் பார்த்த சி கம்பி வெளியே போவதாக இருக்கலாம். சுவருக்கு வரும் கேபிளின் சி இழை போர்டு பக்கத்தில் வெட்டி மடக்கி விடப்பட்டிருக்கலாம். கேபிளின் வெளியுறையைக் கொஞ்சம் பின்னுக்குத் தள்ளிப் பாருங்கள். பயன்படுத்தாத ஒரு நீலமோ பழுப்போ சுற்றி ஒளிந்திருக்கும். அது இரண்டு பக்கமும் இருந்தால் உங்களுக்கு வேலை மிச்சம்: போர்டில் சி முனையிலும் சுவரில் சி முனையிலும் செருகினால் முடிந்தது. சி முனையில் ஏற்கெனவே ஒரு கம்பி இருந்தால் அதை எடுத்துவிடாதீர்கள். இரண்டும் சேர்ந்தே இருக்கவேண்டும்.

சி கம்பி இல்லாமலே வேலை செய்யும் என்று விற்கப்படும் தெர்மோஸ்டாட்டுகள், ஓய்ந்திருக்கும் நேரத்தில் ஒய் சுற்றின் வழியாகச் சிறிதளவு மின்சாரத்தைக் கசியவிட்டுத் தங்கள் பேட்டரியை நிரப்பிக்கொள்கின்றன. சில வீடுகளில் இது பிரச்சினை இல்லாமல் ஓடும். சில வீடுகளில் அந்தக் கசிவே கான்டாக்டரை அரைகுறையாக இழுக்கும். வெளி யூனிட் அருகே போனால் வண்டு ரீங்கரிப்பது போன்ற சத்தமோ, கடகடவென்று தட்டும் சத்தமோ கேட்கும். வேறு சில வீடுகளில் கடும் வெயிலில் ஏசி மணிக்கணக்காக ஓடும்போது பேட்டரி நிரம்ப நேரம் கிடைக்காமல் முதலில் வைஃபை விடும், பிறகு திரை அணையும். வைஃபையைக் குறைசொல்லி ரவுட்டரை மாற்றுபவர்கள் முதலில் சி கம்பியைப் பார்க்கவேண்டும்.

மிச்சக் கம்பி இல்லை என்றால் மூன்று வழிகள். புதிய கேபிள் இழுப்பது மிகச் சிறந்தது. 18 கேஜ் (கம்பியின் பருமன்) அளவில் ஐந்து அல்லது எட்டு இழைகள் உள்ள தெர்மோஸ்டாட் கேபிள் போதும். அடுத்தது, தெர்மோஸ்டாட் தயாரிப்பாளரே தரும் அடாப்டர். அது கண்ட்ரோல் போர்டு அருகே பொருத்தப்பட்டு, இருக்கும் நான்கு கம்பிகளிலேயே ஐந்தின் வேலையை வாங்கிவிடும். மூன்றாவது, ஜி கம்பியைச் சி கம்பியாக மாற்றிக்கொண்டு, போர்டில் ஒய் முனையையும் ஜி முனையையும் சிறு கம்பியால் இணைப்பது. குளிர் ஓடும்போது விசிறியும் ஓடும். ஆனால் விசிறியை மட்டும் தனியாக ஓட்ட முடியாது. முதல் இரண்டும் முடியாதபோதுதான் இதைச் செய்யச் சொல்வேன்.

திரை இருக்கிறது, குளிர் இல்லை

முதலில் ஐந்து நிமிடம் காத்திருங்கள். கம்ப்ரஸர் நின்ற உடனே மறுபடி ஓடினால் கெட்டுவிடும் என்பதால், பெரும்பாலான தெர்மோஸ்டாட்டுகள் சுமார் ஐந்து நிமிட இடைவெளி வைத்துத்தான் அதை இயக்கும். இந்த இடைவெளியைக் கோளாறு என்று எண்ணிக் கம்பிகளைக் கலைத்துவிட்டவர்கள் உண்டு.

காத்திருந்தும் வரவில்லை என்றால், பிரேக்கரை அணைத்து, தெர்மோஸ்டாட்டைக் கழற்றிவிட்டு அடித்தட்டை உற்றுப் பாருங்கள். ஒவ்வொரு கம்பியின் முனையும் சுமார் 8 முதல் 10 மில்லிமீட்டர் வரை உரித்து, நேராக இருக்கவேண்டும். நீளமாக உரித்திருந்தால் வெளியே தெரியும் செம்பு பக்கத்துக் கம்பியைத் தொடும். குறைவாக உரித்திருந்தால் முனையின் பற்கள் செம்பைக் கவ்வாமல் பிளாஸ்டிக் உறையைக் கவ்வும். பார்ப்பதற்குக் கச்சிதமாக இருக்கும், மின்சாரம் மட்டும் போகாது. ஒவ்வொன்றையும் மெதுவாக இழுத்துப் பாருங்கள். கையோடு வந்தால் அதுதான் கோளாறு.

இப்போது தெர்மோஸ்டாட்டையே விலக்கிவைத்துச் சோதிக்கலாம். பிரேக்கர் அணைந்த நிலையிலேயே, சிறு கம்பித்துண்டால் ஆர் முனையை ஜி, ஒய் இரண்டோடும் சேருங்கள். பிறகு பிரேக்கர்களைப் போடுங்கள். உள்ளே விசிறியும் வெளியே கம்ப்ரஸரும் ஓடினால் கம்பிகள் நல்ல நிலையில் இருக்கின்றன. தெர்மோஸ்டாட்டின் அமைப்புகளையோ கருவியையோதான் பார்க்கவேண்டும். விசிறி மட்டும் ஓடினால் ஒய் வழியில் கோளாறு. ஆர் முனையையும் சி முனையையும் ஒருபோதும் சேர்க்காதீர்கள். அது நேரடி ஷார்ட். கம்பித்துண்டு இருக்கும்போது தெர்மோஸ்டாட்டின் பாதுகாப்பு இடைவெளி இல்லை என்பதால், பிரேக்கரை அடிக்கடி போட்டு அணைக்கவும் கூடாது.

சி கம்பி இல்லாத வீட்டில் அளப்பதற்கு எனக்குப் பிடித்த ஒரு வழி உண்டு. தெர்மோஸ்டாட்டைக் கழற்றிய நிலையில் ஆர் முனைக்கும் ஒய் முனைக்கும் இடையே ஏசி வோல்ட் பாருங்கள். கான்டாக்டர் சுருள் வழியாகச் சுற்று சி வரை முடிவதால், ஏறக்குறைய 24 வோல்ட் காட்டவேண்டும். ஆர், ஜி இடையேயும் அதேபோலப் பாருங்கள். ஜி பக்கம் 24 காட்டி, ஒய் பக்கம் சுழியம் காட்டினால் ஒய் சுற்று எங்கோ அறுந்திருக்கிறது. ஆனால் 24 காட்டியதை மட்டும் வைத்து வெளி யூனிட்வரை எல்லாம் சரி என்று சொல்லிவிட முடியாது. சில போர்டுகளில் சுற்று போர்டின் வழியாகவே முடிந்துவிடும்.

அறுந்தது கேபிளா என்று பார்க்க, பிரேக்கரை அணைத்து, ஒய் கம்பியையும் இன்னொரு கம்பியையும் இரண்டு பக்கமும் கழற்றுங்கள். சுவர்ப் பக்கம் இரண்டின் முனைகளையும் முறுக்கிச் சேர்த்துவிட்டு, போர்டு பக்கம் ஓம் பகுதியில் அளந்து பாருங்கள். சுழியத்துக்கு அருகே காட்டினால் கேபிள் முழுசாக இருக்கிறது. முறுக்கைப் பிரித்ததும் மீட்டர் திறந்த சுற்றைக் காட்டவேண்டும். அப்போதும் ஏதோ எண் காட்டினால் சுவருக்குள் இரண்டு கம்பிகளும் தொட்டுக்கொண்டிருக்கின்றன. கேபிளைப் பிடிக்க அடித்த ஆணி உறையைத் துளைத்திருக்கும், அல்லது எலி கடித்திருக்கும். கேபிள் நன்றாக இருந்து, போர்டின் ஒய், சி முனைகளில் 24 வோல்ட் வந்தும் வெளி யூனிட் அசையவில்லை என்றால், மீதி வெளியே இருக்கிறது: அழுத்த சுவிட்ச், கான்டாக்டர், கெபாசிட்டர். அது தொழில்நுட்பரின் வேலை.

ஃபியூஸ் திரும்பத் திரும்பப் போனால்

பிரேக்கரை அணைத்து, தெர்மோஸ்டாட்டுக்கும் வெளி யூனிட்டுக்கும் போகும் எல்லா மெல்லிய கம்பிகளையும் போர்டிலிருந்து கழற்றுங்கள். புதிய ஃபியூஸைப் போட்டு இயக்குங்கள். அப்போதே போய்விட்டால் கோளாறு போர்டிலோ யூனிட்டுக்குள்ளேயோ. நின்றால், ஒவ்வொரு கேபிளாக, ஒவ்வொரு கம்பியாகச் சேர்த்து வாருங்கள். ஒவ்வொரு முறையும் பிரேக்கரை அணைத்த பிறகே சேருங்கள். எதைச் சேர்த்ததும் போகிறதோ அதில்தான் ஷார்ட். வெளி யூனிட்டுக்குப் போகும் கேபிள் தரையருகே இருக்கும் கடைசி ஒரு மீட்டரை முதலில் பாருங்கள். வெயிலில் உறை வெடித்து, புல்வெட்டும் கருவி பட்டு, செம்பு தெரியும் இடம் பெரும்பாலும் அதுதான்.

குளிர் கேட்டால் சூடு வருகிறது

இது ஹீட் பம்ப் உள்ள வீடு. குளிரூட்டலையும் வெப்பமூட்டலையும் திசைமாற்றும் ஒரு வால்வு அதில் இருக்கிறது. பெரும்பாலான தயாரிப்புகளில் குளிரூட்டும்போது அந்த வால்வுக்கு மின்சாரம் போகவேண்டும், அது ஓ. சிலவற்றில் வெப்பமூட்டும்போது போகவேண்டும், அது பி. தெர்மோஸ்டாட்டின் அமைப்புகளில் ஓ, பி என்ற தேர்வை மாற்றினாலே சரியாகிவிடும். இங்கே ஓர் எச்சரிக்கை: சில பழைய யூனிட்டுகளில் பி என்று பொறித்த முனை வால்வுக்கானது அல்ல, அதுவே பொதுக்கம்பி. அதைத் தெர்மோஸ்டாட்டின் ஓ/பி முனையில் செருகினால் ஷார்ட் ஆகிவிடும். போர்டின் மூடியில் ஒட்டியிருக்கும் வயரிங் படத்தைப் பார்த்து உறுதிசெய்த பிறகே இணைக்கவேண்டும்.

ஆர்சி (Rc, குளிருக்கு), ஆர்எச் (Rh, வெப்பத்துக்கு) என்று இரண்டு ஆர் முனைகளிலும் தனித்தனிக் கம்பி வந்தால், குளிருக்கும் வெப்பத்துக்கும் வேறு வேறு டிரான்ஸ்ஃபார்மர்கள் இருக்கலாம். அப்படியானால் இரண்டுக்கும் இடையே இருக்கும் ஜம்பரை (இரண்டையும் இணைக்கும் சிறு கம்பித்துண்டு) எடுத்துவிடவேண்டும். சி கம்பி எந்த டிரான்ஸ்ஃபார்மரிலிருந்து வரவேண்டும் என்பதைத் தெர்மோஸ்டாட்டின் கையேடு சொல்லும், கவனித்துச் செய்யுங்கள்.

எல்லாம் ஓடியும் தெர்மோஸ்டாட் காட்டும் வெப்பநிலை அறையோடு பொருந்தவில்லை என்றால், கம்பி வெளிவரும் துளையைப் பாருங்கள். சுவருக்குள் இருக்கும் காற்று அந்தத் துளை வழியாக உணரி மீது வீசும். கொஞ்சம் சுவர்ப் புட்டிப் பசையால் (putty) அடைத்தால் போதும்.

வேலை முடிந்ததும் ஒரு தாளில் முனை, நிறம், அது எங்கே போகிறது என்று மூன்று பத்தியாக எழுதுங்கள்: ஆர் – சிவப்பு – டிரான்ஸ்ஃபார்மர்; சி – நீலம் – போர்டு; இப்படி. ஓய்ந்திருக்கும்போது ஆர், சி இடையே எத்தனை வோல்ட், குளிர் ஓடும்போது எத்தனை வோல்ட் என்று அளந்து தேதியோடு கீழே குறியுங்கள். ஓடும்போது 20 வோல்ட்டுக்குக் கீழே இறங்கினால் டிரான்ஸ்ஃபார்மர் திணறுகிறது அல்லது எங்கோ இணைப்பு தளர்ந்திருக்கிறது. அதை அன்றே பார்த்துவிடலாம். தாளை உள் யூனிட் மூடியின் உள்பக்கத்தில் ஒட்டிவையுங்கள். அடுத்த முறை திரை இருண்டால், வருபவர் நீங்களாக இருந்தாலும் தொழில்நுட்பராக இருந்தாலும், முதலில் கண்ணில் படவேண்டியது அந்தத் தாள்.